கொதிக்கும் குண்டானுக்கு ஒரு ஓட்டு

இல்வர்ட்டன் தொகுதியை இந்தக் கோடையில் ஒழித்துவிட்டார்கள். லண்டனில் ஒரு சட்டம் போட்டு, பட்டியலில் எங்கள் ஊர்ப் பெயரின் மேல் கோடு இழுத்தார்கள். ஐந்நூறு வருடமாகப் பாராளுமன்றத்துக்கு இரண்டு பேரை அனுப்பிக்கொண்டிருந்த ஊர் இனிமேல் ஒருவரையும் அனுப்பாது. செய்தி வந்த அன்று கோயில் மணியைத் துணி சுற்றி அடித்தார்கள். வெள்ளை மான் விடுதிக்காரர் வாசலிலேயே உட்கார்ந்து அழுதார். தேர்தல் இல்லாவிட்டால் அவருடைய பீரை யார் குடிப்பது என்பது அவர் கவலை.

நான் அழவில்லை. எனக்கு அழ வேறு காரணம் இருந்தது. என் பெயர் ஏமஸ் டிட்பால், பீப்பாய் செய்கிறவன். பக்கத்து வீட்டு ஜெத்ரோ ஹன்னஃபோர்டின் ஓட்டைப் பறித்தவன் நான்தான். அவன் வீட்டையும்.

எங்கள் ஊரில் ஓட்டு மனிதனுக்குக் கிடையாது, குண்டானுக்குத்தான். சொந்த வாசல், சொந்த அடுப்பு, அந்த அடுப்பில் கொதிக்கும் சொந்தக் குண்டான், இந்த மூன்றும் எவனிடம் உண்டோ அவன் ஓட்டுக்காரன். மற்ற ஊர்களில் நிலம் வைத்திருப்பவனுக்கு ஓட்டு, பட்டம் வைத்திருப்பவனுக்கு ஓட்டு. நாங்கள் மட்டும்தான் உண்மையான ஜனங்களின் தொகுதி என்று சின்ன வயதிலிருந்தே சொல்லி வளர்த்தார்கள். எனக்கும் அதில் பெருமைதான். ஓட்டு என்றால் என்ன என்று யாரும் சொல்லித் தராததால் அந்தப் பெருமைக்கு ஒரு குறைச்சலும் வரவில்லை.

ஊரில் பாதி ஹார்ட்லேக் பிரபுவுக்குச் சொந்தம். ஓட்டு அடுப்பைப் பொறுத்தது என்று தெரிந்ததும் பிரபுவின் தாத்தா ஒரு வீட்டை நடுவே பலகை வைத்து மூன்றாகப் பிரித்தார். அப்பா ஆறாகப் பிரித்தார். நான் குடியிருந்த வீட்டில் கையை நீட்டிப் படுக்க முடியாது, ஆனால் புகைபோக்கி மட்டும் அரண்மனைக்கு வைக்கும் அளவுக்கு இருந்தது. மேட்டிலிருந்து பார்த்தால் இல்வர்ட்டனில் கூரையே தெரியாது.

ஜெத்ரோ கம்பளித் துணி நெய்கிறவன். அவன் வீடு பிரபுவினுடையது அல்ல, ஊர் மன்றத்துக்குச் சொந்தமானது. அதில் ஓட்டுக்காரன் மட்டும் குடியிருக்கலாம் என்பது பழைய ஏற்பாடு. அதனால் நான் பயப்படுவது போல அவன் பிரபுவுக்குப் பயப்படத் தேவையில்லை.

1830 பிப்ரவரியில் எங்கள் பிரதிநிதிகளில் ஒருவர் இறந்துபோனார். இருந்தபோதும் யாரும் பார்த்ததில்லை என்பதால் ஊரில் பெரிய மாற்றம் தெரியவில்லை. அந்த இடத்துக்குப் பிரபு தன் அக்கா மகனை நிறுத்தினார், ஒரு கேப்டன். எதிராக பிரிஸ்டலிலிருந்து ஒரு சர்க்கரை வியாபாரி வந்தார். வெள்ளை மானில் பிரபுவின் செலவில் பத்து நாள் மாடு சுட்டார்கள். எதிர்க்கடையில் வியாபாரியின் செலவில் பத்து நாள் பன்றி சுட்டார்கள். மனசாட்சியுள்ளவர்கள் இரண்டு இடத்திலும் சாப்பிட்டார்கள்.

வாக்குப்பதிவுக்கு முந்தின நாள் எங்கள் ஊரில் குண்டான் நாள். ஓட்டுள்ள ஒவ்வொருவனும் தன் குண்டானைத் தெருவுக்குக் கொண்டுவந்து, வாசலில் கல் கூட்டி, தீ மூட்டி, எல்லோரும் பார்க்கக் கொதிக்கவைக்க வேண்டும். ஊர்த்தலைவர் லெவரட் வந்து சோதிப்பார். மற்ற நாளில் ரிப்பனும் ஊசியும் விற்பவர். அன்றைக்கு மட்டும் கழுத்தில் சங்கிலி. முன்னால் ஒரு சேவகன் வெல்வெட் தலையணையில் ஊர் மன்றத்தின் அகப்பையை ஏந்தி வருவான். வெள்ளிக் காம்பு போட்ட அகப்பை. பின்னால் பிரபுவின் வக்கீல் ஸ்னெல்லும், வியாபாரியின் வக்கீலும். லெவரட் ஒவ்வொரு குண்டானிலும் அகப்பையை விட்டு, எடுத்து, ருசி பார்த்து, "கொதிக்கிறது" என்று சொன்னால்தான் குமாஸ்தா பெயரை எழுதுவான்.

அன்று மழை. தெரு முழுக்கப் புகை. எல்லோரும் இருமிக்கொண்டே தங்கள் சுதந்திரத்தை ஊதி ஊதி எரியவைத்துக்கொண்டிருந்தோம். என் குண்டானில் ஓரத்தில் மட்டும் இரண்டு குமிழி வந்தது. லெவரட் குனிந்து பார்த்தார்.

"இது கொதியா, முனகலா?" என்றார்.

"வெந்நீர்தானே ஐயா, இன்னும் கொஞ்ச நேரத்துலே..."

"கொஞ்ச நேரமா? இந்த உரிமைக்காக உன் முன்னோருங்க ரத்தம் சிந்தினாங்க. நீ விறகுகூடக் காய வெக்கலையா?"

ஸ்னெல் அவர் காதில் ஏதோ சொன்னார். நான் பிரபுவின் குடித்தனக்காரன் என்பது நினைவுக்கு வந்திருக்க வேண்டும். லெவரட் நிமிர்ந்து, "பட்டாணி அளவுக் குமிழி போதும்னு பழைய தீர்ப்பு இருக்கு. கொதிக்கிறது," என்றார்.

அடுத்த தெருவில் பூக் கிழவரின் வாசலில் குண்டான் தளதளவென்று கொதித்துக்கொண்டிருந்தது. கிழவர் செத்து மூன்று நாள் ஆகியிருந்தது. மகள் கறுப்புத் துணி கட்டிக்கொண்டு விறகைத் தள்ளிக்கொண்டிருந்தாள்.

"ஆளே இல்லாம எப்படிய்யா ஓட்டு?" என்று வியாபாரியின் வக்கீல் குதித்தார்.

லெவரட் சாற்றை ருசி பார்த்தார். இரண்டாவது தரமும் பார்த்தார். "சட்டத்துலே மூச்சு விடணும்னு எங்கேயாச்சும் இருக்கா? குண்டான் கொதிக்கணும்னுதான் இருக்கு. இது நல்லாவே கொதிக்குது. உயிரோட இருக்கிற நிறையப் பேர் வீட்டுலே இவ்வளவு ருசி இல்ல. எழுதிக்கோ."

மறுநாள் சந்தைத் திடலில் மேடை போட்டு வாக்குப்பதிவு. எங்கள் ஊரில் ஓட்டை ரகசியமாகப் போடுவது கோழைத்தனம். மேடை ஏறி, பெயரைச் சொல்லி, யாருக்கு என்று உரக்கச் சொல்ல வேண்டும், குமாஸ்தா எழுதிக்கொள்வான், கீழே நிற்கும் வீட்டுக்காரர்கள் கேட்டுக்கொள்வார்கள். நான் "கேப்டனுக்கு" என்றேன். கேப்டனின் முகத்தை அன்றுதான் முதலில் பார்த்தேன். கொட்டாவி விட்டுக்கொண்டிருந்தார்.

பூக் கிழவரின் முறை வந்ததும் மகள் குண்டானைத் தூக்கிவந்து மேடையில் வைத்தாள். "எபனேசர் பூக், யாருக்கு?" என்றார் லெவரட். குண்டான் பதில் சொல்லவில்லை.

ஸ்னெல் எழுந்தார். "ஐயா, பூக் ஒன்பது தேர்தல்லே பிரபு நிறுத்தின ஆளுக்குத்தான் போட்டவரு. உயிரோட இருக்கிறவன்தான் மனசு மாறுவான். செத்தவனை நம்பலாம்."

லெவரட் அதை ஏற்றுக்கொண்டார். கேப்டன் கணக்கில் ஒன்று ஏறியது.

ஜெத்ரோ ஊன்றுகோலோடு மேடை ஏறினான். ஜனவரியில் பனியில் வழுக்கிக் கால் உடைந்திருந்தது. "வியாபாரிக்கு," என்றான். ஏன் என்று யாரோ கீழேயிருந்து கத்தினார்கள். "அந்தப் பக்கத்து வீட்டுக் கூரை மூணு வருஷமா ஒழுகுது. பிரபு ஆளு வந்து பாக்கவே இல்ல," என்றான். ஒழுகியது அவன் வீடு இல்லை. என் வீடு.

மாலையில் எண்ணிப் பார்த்தால் கேப்டனுக்கு நாற்பத்தொன்று, வியாபாரிக்கு நாற்பத்தொன்று. ஊரே வாயைப் பிளந்தது. பிரபு நிறுத்திய ஆள் இல்வர்ட்டனில் தோற்றதும் இல்லை, இப்படிச் சமமாக நின்றதும் இல்லை.

மூன்றாம் நாள் ஸ்னெல் ஒரு மனு கொடுத்தார். அந்த வருடத்துக்குள் பிச்சை வாங்கிச் சாப்பிட்டவனுக்கு ஓட்டு இல்லை என்பது பழைய சட்டம். ஜெத்ரோ ஹன்னஃபோர்டு பிச்சை வாங்கியிருக்கிறான், சாட்சி அவன் பக்கத்து வீட்டுக்காரன். என்னைக் கூப்பிட்டார்கள்.

மன்றக் கூடத்தில் நிற்க இடமில்லை. எல்லோரும் வெள்ளை மானிலிருந்து நேராக வந்திருந்தார்கள். லெவரட்டின் முகவாயில் மாட்டுக் கொழுப்பு மினுங்கியது. மேசைமேல் ஜெத்ரோவின் குண்டான், கழுத்தில் ஒரு சீட்டுக் கட்டி வைத்திருந்தது. நான் பைபிளைத் தொட்டுச் சத்தியம் செய்தேன்.

"ஜனவரியிலே உன் வீட்டுலேருந்து ஹன்னஃபோர்டு வீட்டுக்குக் கிண்ணம் போச்சா?" என்றார் ஸ்னெல்.

"போச்சு ஐயா. அவனுக்குக் கால் உடைஞ்சிருந்தது. தறியிலே உக்கார முடியலே."

"கால் இருக்கட்டும். கிண்ணத்துலே என்ன?"

"ஆட்டெலும்புச் சாறு. டர்னிப்பு, பார்லி."

"எத்தனை நாள்?"

"மூணு வாரம்."

"மூணு வாரம்!" என்று லெவரட் நெஞ்சைப் பிடித்துக்கொண்டார். கூடத்தில் யாரோ ஏப்பம் விட்டார்கள்.

வியாபாரியின் வக்கீல் கையை உயர்த்தினார். "அப்போ இங்கே பத்து நாளா மாட்டுக்கறி தின்னவங்க?"

இதற்காகவே காத்திருந்தது போல லெவரட் எழுந்து, சங்கிலியைச் சரிசெய்துகொண்டார். "நல்ல கேள்வி. பசிச்சவனுக்குக் குடுத்தா அது பிச்சை. ஓட்டுக்காரனுக்குக் குடுத்தா அது உபசாரம். பிச்சை வாங்கினவன் சொந்தமா யோசிக்க மாட்டான் பாருங்க, குடுத்தவன் சொல்றதைத்தான் கேப்பான். அப்படிப்பட்டவன் கையிலே தேசத்தைக் குடுக்கலாமா? நானே பத்து நாளா பிரபுவோட கறியைத்தான் தின்னுட்டிருக்கேன். என் யோசனையிலே ஏதாச்சும் மாறியிருக்கா? பத்து வருஷத்துக்கு முன்னாடி என்ன யோசிச்சேனோ அதேதான்."

கைதட்டினார்கள். நானும் தட்டினேன். எதற்கு என்று கேட்காதீர்கள், பக்கத்திலிருந்தவன் தட்டினான்.

வியாபாரியின் வக்கீல் என் பக்கம் திரும்பினார். "டிட்பால், நல்லா யோசிச்சுச் சொல்லு. அந்தச் சாறு சும்மா குடுத்ததா? இல்ல, ஹன்னஃபோர்டு முன்னாடி உனக்கு ஏதாச்சும் குடுத்திருந்து, அதுக்குப் பதிலா? பதிலுக்குப் பதில்னா அது பிச்சை ஆகாது. அவன் ஓட்டு நிக்கும்."

இங்கேதான் உண்மையைச் சொல்ல வேண்டும். 1828 குளிர்காலத்தில் என் வீட்டில் எல்லோருக்கும் விஷக்காய்ச்சல். மனைவி தாமசினும் இரண்டு பிள்ளைகளும் நானும் எழுந்திருக்க முடியாமல் கிடந்தோம். ஊரில் ஒருவரும் வாசல் பக்கம் வரவில்லை. ஜெத்ரோ மட்டும் தன் குண்டானை இரண்டு கையாலும் தூக்கிக்கொண்டு தினமும் வந்தான், ஐந்து வாரம். சின்னவளுக்கு மடியில் வைத்துக்கொண்டு ஊட்டினான். அதே குண்டான்தான் என் முன்னால் மேசையில் இருந்தது. நாங்கள் மூன்று வாரம் சாறு கொடுத்தது அதற்கான பதிலில் பாதிக்குக் கொஞ்சம் மேலே. இதை இரண்டு வாக்கியத்தில் சொல்லியிருக்கலாம்.

ஸ்னெல் ஜன்னல் பக்கம் பார்த்துக்கொண்டே, என் காதுக்கு மட்டும் எட்டுகிற குரலில் கேட்டார். "உன் வீட்டுக் குத்தகை இந்த மாசம் இருபத்தஞ்சோட முடியுதில்ல, டிட்பால்? இன்னும் எழுதலையே."

நான் ஜெத்ரோவைப் பார்த்தேன். அவன் பதற்றமே இல்லாமல் உட்கார்ந்திருந்தான். நான் என்ன சொல்வேன் என்பதில் அவனுக்குச் சந்தேகமே இல்லை. அந்த முகம்தான் இன்றைக்கும் என்னைத் தூங்க விடாமல் செய்கிறது.

"பிச்சைதான் ஐயா," என்றேன்.

"சத்தமா சொல்லுப்பா, குமாஸ்தாவுக்குக் கேக்கலே," என்றார் லெவரட்.

"பிச்சைதான்!"

கூடத்தின் கடைசியிலிருந்து தாமசின் கத்தினாள். "பொய்! அத்தனையும் பொய்! சமைச்சது நானு, குடுத்தனுப்பினது நானு. ஏன் குடுத்தேன்னு என்னைக் கேளுங்க!"

லெவரட் கருணையோடு சிரித்தார். "அம்மா, அடுப்பு புருஷனோடது. குண்டான் புருஷனோடது. அதனாலே சட்டத்தோட கண்ணுக்கு உங்க வீட்டுலே சமைக்கிறது டிட்பால்தான்."

"அவனுக்கு முட்டை வேக வெக்கத் தெரியாது!"

"அது சட்டத்துக்குத் தெரியாதும்மா. உக்காருங்க."

அவ்வளவுதான். ஜெத்ரோவின் பெயரைக் கோடு இழுத்து அடித்தார்கள். கேப்டன் ஒரு ஓட்டில் ஜெயித்தார். ஜெத்ரோ என்னைத் திட்டவில்லை. எழுந்து, "குண்டானை எடுத்துக்கட்டுமா ஐயா?" என்று மட்டும் கேட்டான். அது சாட்சிப் பொருள், தரமுடியாது என்றார்கள்.

ஓட்டு இல்லாதவன் மன்றத்து வீட்டில் இருக்கக் கூடாது. ஒரு வாரத்தில் காலி செய்யச் சொன்னார்கள். தறி வாசலில் மழையில் நனைந்தது. உடைந்த காலோடு அவனை ஏழைகள் விடுதிக்கு வண்டியில் கொண்டுபோனார்கள். நான் பட்டறைக்குள் இருந்துகொண்டு, இல்லாத ஒரு பீப்பாய்க்கு வளையம் தட்டினேன்.

என் குத்தகையை எழுதிக் கொடுத்தார்கள். கூடவே பிரபுவிடமிருந்து ஒரு பன்றித் தொடை வந்தது. தாமசின் அதைப் பக்குவமாக வேகவைத்து என் முன்னால் வைத்தாள். அவளும் பிள்ளைகளும் வெறும் ரொட்டி தின்றார்கள். நான் தின்றேன். நன்றாகத்தான் இருந்தது. நன்றாக இல்லாமல் போயிருந்தாலாவது கொஞ்சம் ஆறுதலாக இருந்திருக்கும்.

ஓட்டுப் புத்தகத்தை அச்சடித்து வீட்டுக்கு ஒன்று கொடுத்தார்கள். யார் யாருக்குப் போட்டார்கள் என்று பெயர் பெயராக இருக்கும். கடைசிப் பக்கத்தில், "ஹன்னஃபோர்டு, ஜெத்ரோ. பிச்சை வாங்கியதால் நீக்கம். சாட்சி: ஏ. டிட்பால்." என் பெயர் அச்சில் வந்தது அதுதான் முதல் தடவை. பூக் கிழவரின் பெயர் முன்பக்கத்தில் மரியாதையாக இருந்தது.

அதற்குப் பிறகு வந்த தேர்தல்களில் நின்றவர்களை எதிர்க்க ஒருவரும் இல்லை, குண்டானையும் யாரும் வெளியே எடுக்கவில்லை. எங்கள் கேப்டன் பாராளுமன்றத்தில் எழுந்து நின்றது ஒரே தடவைதான் என்று சொல்கிறார்கள், அதுவும் தன் தொப்பியின் மேல் உட்கார்ந்துவிட்டதால்.

போன வருடம் லண்டனிலிருந்து ஓர் அதிகாரி வீடுகளை எண்ண வந்தார். புகைபோக்கிகளை எண்ணினார், பிறகு ஆட்களை எண்ணினார், பிறகு மறுபடி புகைபோக்கிகளை எண்ணினார். லெவரட் அவருக்குக் குண்டான் சட்டத்தை விளக்கினார். அதிகாரி கடைசிவரை கேட்டுவிட்டு, "அந்தக் குண்டான்ல இருக்கிற சாப்பாட்டை யாரு சாப்பிடுவாங்க?" என்றார். அப்படி ஒரு கேள்வியை இதுவரை யாரும் கேட்டதில்லை.

சட்டம் வந்தபோது லெவரட் சந்தைத் திடலில் கண்ணீரோடு பேசினார். "இல்வர்ட்டன் மக்களே! ஐந்நூறு வருடம் நம் குண்டான்கள் தேசத்துக்காகக் கொதித்தன. இனிமேல் அவை வெறும் சாப்பாட்டுக்காகக் கொதிக்கும் கேவலமான காலம் வந்துவிட்டது!"

மன்றத்துச் சாமான்களை ஒழித்துப்போட்டார்கள். வெள்ளிக் காம்பு அகப்பையை லெவரட் ஞாபகார்த்தமாக வீட்டுக்குக் கொண்டுபோனார். குப்பைக் குவியலில் ஜெத்ரோவின் குண்டான் கிடந்தது, கழுத்துச் சீட்டோடு. துருப் பிடித்திருந்தது. நான் எடுத்துவந்து மணல் போட்டுத் தேய்த்தேன். தாமசின் பார்த்துக்கொண்டே நின்றாள். பிறகு ஆட்டெலும்பும் டர்னிப்பும் பார்லியும் போட்டு அடுப்பில் ஏற்றினாள்.

"நீயும் வாயேன்," என்றேன்.

"நான் எதுக்கு? சட்டப்படி சமைச்சது நீதானே. நீயே கொண்டு போ," என்றாள்.

ஏழைகள் விடுதியில் சாப்பாட்டு நேரம். முப்பது பேருக்கும் சேர்த்து ஒரே பெரிய கொப்பரை. ஜெத்ரோ பெஞ்சு ஓரத்தில் இருந்தான். தலை முழுக்க நரைத்துவிட்டது. கால் கோணலாகவே கூடியிருந்தது. நான் குண்டானை அவன் முன்னால் வைத்தேன். அவன் அதன் காதைத் தடவிப் பார்த்தான்.

"இது என்ன, பிச்சையா?" என்றான்.

"இல்ல ஜெத்ரோ. நீ எங்களுக்குப் போட்ட சாப்பாட்டுக்கு... அந்தக் காய்ச்சல் வருஷம்..."

"சத்தமா சொல்லு. அன்னைக்குச் சத்தமாத்தானே சொன்னே."

நான் எழுந்து நின்றேன். "பிச்சை இல்ல!" என்று கத்தினேன். "அஞ்சு வாரம் இவன்தான் எங்களுக்குச் சோறு போட்டான்! நான் சத்தியம் பண்ணிப் பொய் சொன்னேன்!"

முப்பது தலைகள் நிமிர்ந்தன. குமாஸ்தா இல்லை, எழுதிக்கொள்ள யாரும் இல்லை. மூலையிலிருந்து ஒரு கிழவி, "உக்காருய்யா, கஞ்சி ஆறுது," என்றாள். எல்லோரும் மறுபடி குனிந்துகொண்டார்கள்.

ஜெத்ரோ தன் கிண்ணத்தில் ஊற்றிக் குடித்தான். பக்கத்திலிருந்தவனுக்கும் ஊற்றினான். துடைத்துவிட்டு வெறும் குண்டானை என் பக்கம் தள்ளினான்.

"இதை இங்கே வெச்சுக்க முடியாது. இங்கே யாருக்கும் சொந்தக் குண்டான் கூடாது," என்றான். "நான் அஞ்சு வாரம் குடுத்தேன். உங்க வீட்டுலேருந்து மூணு வாரம் வந்தது. இன்னும் ரெண்டு வாரம் பாக்கி. தினமும் கொண்டுவா."

"காலம் பூரா கொண்டுவரேன் ஜெத்ரோ."

"வேணாம். பதினாலு நாள். அதுக்கு மேலே ஒரு நாள் கொண்டுவந்தாலும் அது பிச்சை. அதை நான் வாங்க மாட்டேன்."

அன்றிலிருந்து தினமும் போகிறேன். அவன் குடிக்கும்வரை பக்கத்தில் உட்கார்ந்திருக்கிறேன். மழையைப் பற்றி ஏதாவது பேசுவான், நானும் பேசுவேன். இன்று பதின்மூன்றாம் நாள். நாளைக்கு வேண்டிய எலும்பைத் தாமசின் வாங்கி வைத்துவிட்டாள். நாளை மறுநாள் அந்த நேரத்துக்கு நான் எங்கே போவது என்று எனக்குத் தெரியவில்லை.